குவாகுவாவுக்கு எத்தனை சக்கரம்?

அத்தியாயம் 9

வெள்ளிக்கிழமை விடிவதற்கு முன்பே செல்லக்குட்டி அழுதாள். வீயா கொன்சுவேலோ பேட்டை மொத்தமும் படுக்கையில் எழுந்து உட்கார்ந்தது.

செல்லக்குட்டி என்பது பெலார்மினோ ஓட்டும் குவாகுவாவின் பெயர். சாந்தோ தொமிங்கோவில் பஸ்ஸை யாரும் பஸ் என்று சொல்வதில்லை. குவாகுவாதான். மூன்று வருடத்துக்கு முன் துவார்த்தே சாலையில் ஒரு மாம்பழ வண்டியோடு மோதியதிலிருந்து அதன் ஹாரன் பழைய கம்பீரத்தை இழந்து, பிறந்த குழந்தை மாதிரி "குவா... குவா..." என்று வீறிட ஆரம்பித்துவிட்டது. அந்த அலறலைக் கேட்டு ஆற்றுக்கு அக்கரையில் தாய்மார்களுக்குப் பால் சுரந்திருக்கிறது. பேட்டைச் சேவல்கள் கூவுவதையே விட்டுவிட்டு வேறு பிழைப்பு தேடிப் போய்விட்டன.

பெலார்மினோவின் மகள் மிலேதியின் கதை பழைய வாசகர்களுக்குத் தெரியும். இந்த வாரம்தான் ஏறியவர்களுக்கு, வண்டி ஓடும்போதே சொல்லிவிடலாம்.

மழை நாளில் குவாகுவாவின் ஆவி படிந்த கண்ணாடியில் விரலால் பயணிகளின் மூக்குகளை வரைய ஆரம்பித்தபோது அவளுக்கு வயது நான்கு. தன் மூக்கை அடையாளம் கண்டுகொண்ட ஒருவர் பாதி வழியில் இறங்கி, வீடு வரைக்கும் நடந்தே போனார். வளர்ந்ததும் ஒரு விளம்பரக் கம்பெனியில் வேலை கிடைத்தது. பேசும் சூப் கட்டிக்குப் புருவம் வரைகிற வேலை. ஆறு வருடத்தில் அவள் வரைந்த புருவங்களை வரிசையாக வைத்தால் ஹைத்தி எல்லை வரை போய்த் திரும்பும். ஞாயிற்றுக்கிழமைகளில் இரவல் கேமராவை வைத்துக்கொண்டு ஒன்றரை நிமிடக் கார்ட்டூன் படம் ஒன்று எடுத்தாள். பேசுகிற, அழுகிற ஒரு குவாகுவா. உள்ளூர் சேனலில் அதிகாலை தேசிய கீதம் முடிந்ததும் அதைப் போட்டார்கள். பேட்டையில் அன்று பல் தேய்த்தவர் ஒருவருமில்லை.

போன வாரம் சிலி நாட்டிலிருந்து தொலைபேசி வந்தது. பேசியவர் தோன்யா எதெல்மிரா. மரியாதைப்பட்ட அம்மாளை அங்கே 'தோன்யா' என்பார்கள், ஐயாவைத் 'தோன்' என்பார்கள். பிள்ளைகள் சேனல் ஒன்றுக்குப் படம் வாங்குகிற அம்மாள். மிலேதியின் படத்தை அவர் பார்த்ததில்லை, யாரோ சொல்லக் கேட்டதுதான். கரகரத்த லைனில் மிலேதி கத்தினாள்: "அது ஒரு குவாகுவாங்க! விடிகாலையில அழுது ஊரையே எழுப்பிடும்!"

அந்தப் பக்கம் ஒரே குதூகலம். "குவாகுவாவா! அதைத்தாம்மா நாங்க தேடிக்கிட்டிருக்கோம்! வெள்ளிக்கிழமை நானே வரேன்!"

அந்த வெள்ளிக்கிழமைதான் விடிந்திருந்தது. எதெல்மிரா சரி என்றால் தொலைக்காட்சித் தொடர். இல்லை என்றால் ஞாயிற்றுக்கிழமை விமானம். நியூயார்க்கில் பெரியம்மா வைத்திருக்கும் அழகு நிலையத்தில் வருகிறவர்களின் தலையை அலசிவிடும் வேலை காத்திருந்தது. அம்மா நூரிஸ் இரண்டு டிக்கெட் எடுத்துவிட்டாள். மகளைக் கொண்டுபோய் விட்டுவிட்டு, இரண்டு வாரம் இருந்து பார்த்துவிட்டு வருவதாக ஏற்பாடு.

*

கட்டில் மேல் பெட்டி வாயைத் திறந்துகொண்டு கிடந்தது. நூரிஸ் பழுப்பு நிறக் கம்பளிக் கோட்டு ஒன்றை உதறி நீட்டினாள்.

"போட்டுப் பாரு."

"அம்மா, இன்னிக்கு எனக்கு மீட்டிங்."

"மீட்டிங் இன்னிக்கு. குளிர் ஞாயித்துக்கிழமை. போடுடி."

மிலேதி கொடிக்கம்பம் மாதிரி நெட்டை. கோட்டின் கைகள் அவள் முழங்கையைத் தாண்டிக் கொஞ்ச தூரம் வந்து, களைத்துப்போய் நின்றுவிட்டன. இடுப்பில் இன்னொரு ஆள் உட்கார இடமிருந்தது.

"இது எனக்கு இல்லம்மா. உள்ள ஒருத்தரை வாடகைக்கு வைக்கலாம்."

"குளிர்ல எல்லாரும் சுருங்கிடுவாங்களாம். சரியாப் போயிடும்."

"கை மட்டும் நீளுமாக்கும்?"

நூரிஸ் கோட்டை வாங்கி, பொத்தான்களை ஒவ்வொன்றாகப் போட்டு, கைகளை மார்பின் குறுக்கே மடித்து வைத்தாள். தூங்குகிற பிள்ளையைக் கிடத்துகிற மாதிரி. பேட்டையின் பாதித் தலைகள் அவள் கையில்தான். முன்னறையில் ஒரு நாற்காலி, ஒரு கண்ணாடி, கரண்டு இருந்தால் மட்டும் உறுமும் ஒரு முடி உலர்த்தி. இருபது வருடத் தொழில்.

"சூப் கட்டிக்குப் புருவம் போட்டே, சரி. குவாகுவாவுக்கு மூக்கு போட்டே, சரி. அதைப் பாக்க சிலியிலேருந்து ஒருத்தி ப்ளேன் ஏறி வராளாம்! ஏன், அவ ஊர்ல குவாகுவாவே இல்லையா?"

"அழுற குவாகுவா இல்லம்மா."

"உங்கப்பன் ஓட்டினா எந்தக் குவாகுவாவும் அழும்."

எவ்வளவு சண்டை போட்டாலும் பெற்றவர்களிடம் ஆசி கேட்காமல் அந்த ஊரில் யாரும் படி இறங்குவதில்லை. மிலேதி வாசலில் நின்றாள்.

"ஆசி குடும்மா."

"கடவுள் ஆசீர்வதிக்கட்டும். கூடவே கொஞ்சம் புத்தியும் குடுக்கட்டும்."

*

வெளியே அண்ணன் வில்கின் செல்லக்குட்டிக்கு அடியில் பால்பவுடர் டின் ஒன்றைத் தள்ளி வைத்துக்கொண்டிருந்தான். செல்லக்குட்டிக்கு எண்ணெய் ஒழுகும். நின்றால் ஒழுகும், ஓடினால் ஒழுகும், திட்டினால் கூடுதலாக ஒழுகும். நிற்கிற இடமெல்லாம் டின் வைப்பதும், வாசலில் தொங்கிக்கொண்டு ஆள் ஏற்றுவதும் வில்கினின் உத்தியோகம். அவன் வண்டிக்குள் நின்றதைப் பார்த்தவர் கிடையாது.

"ஏறு ஏறு ஏறு! இன்னும் ஒருத்தருக்கு இடம் இருக்கு!"

அவன் அப்படிச் சொன்னபோது உள்ளே ஒரு கொசு மூச்சுவிடக்கூட இடமில்லை. மிலேதியைத் தூக்கி, ஒரு கோழிக்கூடைக்கும் ஒரு பாதிரியாருக்கும் நடுவில் சொருகினான்.

பெலார்மினோ கண்ணாடியில் மகளைப் பார்த்தார். "எங்க இறங்கணும்?"

"கடற்கரை ரோட்டு ஹோட்டல்ப்பா. நீங்க முனையில விடுங்க, நான் மாறிப் போய்க்கறேன்."

"நான் சும்மா அந்தப் பக்கம்தான் போறேன்."

அவர் வழித்தடத்துக்கும் கடற்கரைக்கும் சம்பந்தமே கிடையாது. வண்டி தெற்கே திரும்பியதும் உள்ளே கலவரம் மூண்டது.

"ஏய், என் பல் டாக்டர் வடக்கே இருக்கார்!"

"பல்லு எங்கயும் ஓடிடாது," என்றார் பெலார்மினோ. "என் பொண்ணு செல்லக்குட்டியை டிவிக்கு விக்கப் போறா."

உடனே எதிர்ப்பு அடங்கி, ஆளாளுக்கு யோசனை சொல்ல ஆரம்பித்தார்கள். பாதிரியார் சிலுவைக்குறி போட்டு, படத்தில் தன் மூக்கைக் கொஞ்சம் குறைத்துப் போடச் சொன்னார்.

"ஒண்ணு மட்டும் சொல்லு," என்றார் பெலார்மினோ, சாலையைப் பார்த்தபடியே. "படத்துல என் வண்டிக்கு வாய் எதுக்கு? ஹாரன் பத்தாதா?"

*

ஹோட்டல் காவலாளி செல்லக்குட்டியை முகப்பில் நிறுத்த விடவில்லை. எதிரே பாதாம் மரத்தடியில் நிறுத்திவிட்டு, மிலேதி மட்டும் வீடியோ நாடாவை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு மாடி ஏறினாள். அவள் அறைக்குள் காலை வைத்ததும் கரண்டு போய்விட்டது.

சாந்தோ தொமிங்கோவில் கரண்டு போவது செய்தியே அல்ல. ஆனால் ஹோட்டல் ஜெனரேட்டரின் சாவியை வைத்திருந்தவர் அதை வைத்துக்கொண்டே சாப்பிடப் போயிருந்தார். தொலைக்காட்சிப் பெட்டி கறுப்பாக விழித்தது. நாடா கையோடு நின்றுவிட்டது.

"பரவாயில்ல, வாயால சொல்லுங்க," என்று ஜன்னலைத் திறந்தார் தோன்யா எதெல்மிரா. வெள்ளை முடி, பச்சைக் கண்ணாடி, பெரிய சிரிப்பு. "இவர் தோன் எவாரிஸ்தோ. நம்ம தொடருக்குப் பணம் போடுறவர். கம்பெனி முதலாளி."

எவாரிஸ்தோ மேசைமேல் அடுக்கியிருந்த வெள்ளைத் துண்டுகளில் ஒன்றை அன்போடு நீட்டினார். நல்ல புழுக்கம். மிலேதி நன்றி சொல்லி நெற்றியையும் கழுத்தையும் துடைத்துக்கொண்டாள். எவாரிஸ்தோ முகம் ஒரு மாதிரி ஆனது. அவர் தயாரிப்பது டயாப்பர்.

இங்கே ஒரு ரகசியத்தைப் போட்டு உடைத்தாக வேண்டும். சிலியில் பேசுவதும் ஸ்பானிஷ்தான், சாந்தோ தொமிங்கோவில் பேசுவதும் ஸ்பானிஷ்தான். ஆனால் சிலிக்காரர்களுக்குக் குவாகுவா என்றால் பஸ் அல்ல, கைக்குழந்தை. ஒரே சொல்லுக்கு இப்படி இரண்டு அர்த்தம் இருப்பது அந்த அறையில் இருந்த மூன்று பேருக்கும் தெரியாது.

"உங்க குவாகுவாவுக்கு என்ன வயசாகுது?" என்று ஆசையாகக் கேட்டார் எதெல்மிரா.

"இருபத்திரண்டு."

"மாசமா?"

"வருஷங்க. ஆனா பாத்தா தெரியாது. ரெண்டு தடவை உள்ள எல்லாத்தையும் பிரிச்சு மாட்டியாச்சு."

எவாரிஸ்தோ நாற்காலியின் கைப்பிடியைப் பற்றிக்கொண்டார்.

"என்ன... என்ன குடிக்கும்?"

"டீசல்தான். மட்டமானதை ஊத்தினா பின்னாடி கறுப்பாப் புகை விடும்."

"யார் பாத்துக்கறாங்க அதை?"

"அப்பா எப்பவும் முன்னாடி உக்காந்திருப்பார். அண்ணன் வெளிய தொங்கிக்கிட்டிருப்பான். உள்ள ஒரு நாப்பது பேர்."

"உள்ளேயா?"

"மழை வந்தா அறுபது."

எதெல்மிரா பச்சைக் கண்ணாடியைக் கழற்றினார். மெல்ல, பைத்தியக்காரியிடம் பேசுகிற ஜாக்கிரதையோடு கேட்டார்: "மிலேதி, கோவிச்சுக்காதீங்க. உங்க குவாகுவாவுக்கு எத்தனை கால்?"

"கால் ஏதுங்க! சக்கரம்தான்."

"எத்தனை சக்கரம்?"

"ஆறு. ஒண்ணு கொஞ்சம் ஆடும்."

கடல் காற்றுகூட நின்றுபோனது. பிறகு கேள்வியும் பதிலுமாக உண்மை வெளியே வந்தது. பஸ் என்று கேட்டதும் எதெல்மிராவின் பெரிய சிரிப்பு சின்னதாகி, காணாமலே போயிற்று.

"ஐயோ, பஸ்ஸை வெச்சு நான் என்னம்மா செய்வேன்? ரயில் வெச்சிருக்கேன், லாரி வெச்சிருக்கேன், பேசுற டிராக்டர் ஒண்ணு விக்காம கிடக்கு. குழந்தை வருதுன்னு மேலிடத்துல சொல்லிட்டு வந்திருக்கேன். இவரும் குழந்தைக்குத்தான் பணம் போடுறார்."

"பஸ்ஸுக்கு நான் எதை விக்கறது?" என்று எவாரிஸ்தோ டயாப்பர்களைப் பெட்டியில் திரும்ப அடுக்க ஆரம்பித்தார்.

மிலேதிக்கு ஷாம்பு வாசனை மூக்கில் ஏறியது. ஒன்றன்பின் ஒன்றாகத் தலைகள், ஈரத் தலைகள், சாகிற வரைக்கும் தலைகள். ஞாயிற்றுக்கிழமை விமானம் காதுக்குள்ளேயே இரைந்தது. நாடாவை எடுத்துக்கொண்டு எழுந்தாள்.

அப்போதுதான் கீழே போக்குவரத்துப் போலீஸ்காரர் பெலார்மினோவிடம் வண்டியை எடுக்கச் சொன்னார். பெலார்மினோ வாயால் பதில் சொல்லவில்லை. ஹாரனை அழுத்தினார்.

"குவா... குவா... குவாஆஆ!"

எதெல்மிரா துள்ளி எழுந்தார். "கடவுளே! யாரோ குழந்தையைத் தெருவுல விட்டுட்டாங்க!"

ஜன்னலுக்கு ஓடினார். கையில் டயாப்பரோடு எவாரிஸ்தோவும் ஓடினார். கீழே குழந்தை இல்லை. பாதாம் மரத்தடியில் இரண்டு பெரிய விளக்குக் கண்களை விழித்துக்கொண்டு ஒரு கிழட்டு பஸ் நின்றது. அதன் அடியில் நிரம்பிய பால்பவுடர் டின்னை எடுத்துவிட்டு வேறு டின் வைத்துக்கொண்டிருந்தான் வில்கின்.

எவாரிஸ்தோ எட்டிப் பார்த்தார். அவர் குரலில் தொழில் அக்கறை வந்தது. "அதுக்கு... ஒழுகுதா?"

மிலேதி அவரைப் பார்த்தாள். அவர் கையிலிருந்த டயாப்பரைப் பார்த்தாள். கீழே செல்லக்குட்டியைப் பார்த்தாள்.

"ராத்திரி பகலா ஒழுகுதுங்க," என்று சொல்லிக்கொண்டே டயாப்பரைப் பிடுங்கி மேசைமேல் விரித்து, பையிலிருந்து மார்க்கர் பேனாவை உருவினாள்.

அவள் வரைந்த வேகத்தில் பேனா முனையிலிருந்து புகை வந்தது. இரண்டு விளக்குக் கண்கள், கண்ணோரம் துளித் துளியாக நீர். கொழுகொழு கன்னமாக இரண்டு பக்கத் தகடு. டீசல் குழாய் இருக்க வேண்டிய இடத்தில் பால்புட்டி. பின்னால், என்ஜினுக்குக் கீழே, அழகாக மடித்துக் கட்டிய ஒரு டயாப்பர்.

"இது பிறந்து கொஞ்ச நாள்தான் ஆகுது. நடக்கத் தெரியாது, உருளத்தான் தெரியும். பேட்டையில யார் அழுதாலும் முதல்ல இது அழும். அழுறவங்களை எல்லாம் உள்ள ஏத்திக்கும். எத்தனை பேர் ஏறினாலும் இன்னும் ஒருத்தருக்கு இடம் இருக்கும்."

"சக்கரம்?" என்றார் எதெல்மிரா. குரல் அவருக்கே கேட்கவில்லை. "எத்தனை சக்கரம்?"

"இப்போதைக்கு நாலு. பல்லு மாதிரி ஒண்ணொண்ணா முளைக்குது. அஞ்சாவது முளைக்கும்போது ஜுரம் வரும். அதுதான் முதல் கதை."

எவாரிஸ்தோ கைக்குட்டையைத் தேடி, கிடைக்காமல், இன்னொரு டயாப்பரை எடுத்து மூக்கைச் சிந்தினார்.

எதெல்மிரா படத்தைக் கையில் எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார். "எங்க ஊர்ப் பிள்ளைங்க இதைக் குவாகுவாம்பாங்க. உங்க ஊர்ப் பிள்ளைங்களும் குவாகுவாம்பாங்க. ரெண்டு பேர் சொல்றதும் சரி!" பெரிய சிரிப்பு திரும்பி வந்தது. போனதைவிடப் பெரியதாக. "இருபத்தாறு வாரத் தொடர், மிலேதி! எங்க ஊரு சந்தியாகோவுக்கு வாங்க, ஸ்டூடியோ ரெடியா இருக்கு."

சற்று முன் விமானத்தை நினைத்து மிரண்டவள் இப்போது நிமிர்ந்து நின்றாள். "நான் வரலைங்க. உங்க ஆளுங்க இங்க வரட்டும். அந்த அழுகை இங்கதான் இருக்கு. 'இடம் இருக்கு'ன்னு கத்துற தொண்டையும் இங்கதான் தொங்கிக்கிட்டிருக்கு."

எதெல்மிரா ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். வில்கின் போலீஸ்காரரையே வண்டியில் ஏற்றிவிட்டிருந்தான்.

"சரி," என்று கை நீட்டினார். "வரையறவங்களை அனுப்பறேன்."

இரண்டு கைகளும் சேர்ந்த நேரத்தில் கரண்டு வந்தது. கரண்டு வந்தால் அந்த ஊரே கத்தும். எப்போதும் கத்துவதுதான். "வந்துருச்சூஊஊ!" என்று மாடிகளிலிருந்தும் கடைகளிலிருந்தும் ஆற்றின் இரு கரைகளிலிருந்தும் எழுந்த அந்தக் கூச்சல், இன்று தனக்காகவே எழுந்ததென்று மிலேதி முடிவு செய்துகொண்டாள். யாரும் மறுக்கவில்லை.

*

திரும்பும்போது எதெல்மிராவும் எவாரிஸ்தோவும் செல்லக்குட்டியில்தான் வந்தார்கள். எதெல்மிராவின் மடியில் கோழிக்கூடை. பல் டாக்டரிடம் போக வேண்டியவர் வலியை மறந்து பாடிக்கொண்டு வந்தார்.

டயாப்பரில் இருந்த படத்தைப் பெலார்மினோ ஒரு சிவப்பு விளக்கில் நின்று நிதானமாகப் பார்த்தார்.

"என் வண்டி ஒழுகறதை ஊர் உலகத்துக்கெல்லாம் காட்டப் போறியா?"

"ஆமாப்பா."

"ம்." விளக்கு பச்சையாகி, பின்னால் இருந்தவர்கள் எல்லாம் ஹாரன் அடித்தும் அவர் நகரவில்லை. புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். எண்ணெய் தெறித்துவிட்டதாம். ஓட்டுநர் இருக்கையில் எண்ணெய் தெறித்தது செல்லக்குட்டியின் சரித்திரத்திலேயே அதுதான் முதல் தடவை.

பேட்டை முனையில் அவர் ஹாரன் அடித்த அடியில் இரண்டு தெருவுக்கு ஜன்னல் கண்ணாடிகள் இடம் மாறின. ஜனங்கள் பானைகளைத் தட்டிக்கொண்டு ஓடி வந்தார்கள். மிலேதி அவர்களுக்கு நடுவில் நீந்தி, வீட்டுப் படி ஏறினாள்.

"அம்மா! நான் போகலை! இருபத்தாறு வாரம்மா!"

"தெரியும். அதைத்தான் பேட்டையே கத்துதே."

குரல் முன்னறையிலிருந்து வந்தது. மிலேதி உள்ளே போய் நின்றாள். வாடிக்கையாளர் யாருமில்லை. கண்ணாடிக்கு எதிரே நூரிஸ், அந்தப் பழுப்புக் கம்பளிக் கோட்டைப் போட்டுக்கொண்டு நின்றிருந்தாள். அந்த வெயிலில், கழுத்து வரை பொத்தான் போட்டுக்கொண்டு.

நான்கு வயதிலேயே ஊர் மூக்குகளை எல்லாம் அளந்த கண் மிலேதியுடையது. தோள் தோளில் உட்கார்ந்திருந்தது. கை சரியாக மணிக்கட்டில் முடிந்தது. இடுப்பில் இன்னொரு ஆளுக்கு இடமே இல்லை.

"அது எனக்கு வாங்கினதே இல்ல. இல்லம்மா?"

நூரிஸ் திரும்பவில்லை. கண்ணாடியில் இருந்தபடியே மகளைப் பார்த்தாள்.

"இருபது வருஷமா இந்த ஊர்த் தலைங்களைப் பாத்தாச்சு. அந்த ஊர்த் தலைங்க எப்படி இருக்கும்னு எனக்கு ஒரு ஆசைடி. நான் மட்டும் போறேன்னா உங்கப்பா விடுவாரா? உன்னைக் கொண்டுபோய் விடறேன்னு சொன்னேன்."

"ரெண்டு வாரம்தானே?"

நூரிஸ் காலரை நிமிர்த்திவிட்டாள்.

வெளியே செல்லக்குட்டி வாசலுக்கு வந்து நின்று, ஊருக்கே கேட்கும்படி அழுதாள். பெலார்மினோவின் குரல் அதற்கும் மேலே கேட்டது: "நூரிஸ்! சிலியிலேருந்து விருந்தாளி வந்திருக்காங்க! வாழைக்காயை வேக வை! நூரிஸ்!"

நூரிஸ் மகள் பக்கம் திரும்பினாள். கோட்டின் முதல் பொத்தானில் கை வைத்தாள். கழற்றவில்லை.

"ஆசி குடுடி," என்றாள்.